கதவைத் திறந்து வைத்திருந்தவர்கள்

லண்டன் கிங்ஸ் கிராஸ் ரயில் நிலையத்துக்கு அருகே, கலிடோனியன் சாலை முகவரியில் 'லண்டன் கிரீன்பீஸ்' என்ற சிறு குழு இயங்கிவந்தது. உலகறிந்த கிரீன்பீஸ் அமைப்புக்கும் இதற்கும் தொடர்பில்லை. சுற்றுச்சூழல், விலங்கு நலம், தொழிலாளர் கூலி என்று கவலைப்பட்ட சிலர் வாரம் ஒருமுறை கூடிப் பேசுவார்கள், துண்டறிக்கை அச்சிட்டுத் தெருவில் கொடுப்பார்கள். யார் வேண்டுமானாலும் வரலாம். வருகிறவரை யாரும் விசாரிப்பதில்லை.

1986-இல் இக்குழு மெக்டொனால்ட்ஸ் நிறுவனத்தைக் குறைகூறி ஒரு துண்டறிக்கை வெளியிட்டது. அதை எழுதியவர்கள் யார், பரப்புகிறவர்கள் யார் என்று கண்டுபிடிக்க 1989-இல் நிறுவனம் இரண்டு தனியார் துப்பறியும் நிறுவனங்களை அமர்த்தியது. ஒரு நிறுவனம் அனுப்பிய ஆட்களை இன்னொரு நிறுவனத்தின் ஆட்களுக்குத் தெரியாது. அவர்கள் கூட்டத்துக்கு வந்தார்கள், குழுவுக்கு வந்த கடிதங்களுக்குப் பதில் எழுதினார்கள், அதே துண்டறிக்கையைத் தெருவில் நின்று வினியோகித்தார்கள். சில கூட்டங்களில் உண்மையான உறுப்பினர் எத்தனை பேரோ அத்தனை உளவாளிகள் உட்கார்ந்திருந்தார்கள் என்பது பிறகு வழக்கில் வெளிவந்தது. ஒரு உளவாளி எதிரே இருந்த இன்னொரு உளவாளியின் பேச்சைக் குறித்துக்கொண்டு போய் அறிக்கை எழுதினார். அந்த அறையில் நடந்ததில் ஒரு பகுதி, உளவாளிகள் ஒருவரையொருவர் வேவு பார்த்ததுதான்.

யாரைப் பார்க்க இவ்வளவு பேர்? வழக்கில் கடைசிவரை நின்ற ஹெலன் ஸ்டீல் தோட்டவேலை செய்து பிழைத்தவர். டேவ் மாரிஸ் முன்னாள் தபால்காரர், தனியாளாகக் குழந்தையை வளர்த்தவர். 1990 செப்டம்பரில் ஐந்து பேர் மீது அவதூறு வழக்கு தொடரப்பட்டது. மூன்று பேர் மன்னிப்புக் கேட்டு விலகிக்கொள்ள, இந்த இருவர் மட்டும் மறுத்துவிட்டார்கள். வழக்கறிஞர் வைக்கப் பணமில்லை. அவதூறு வழக்குக்கு அரசின் சட்ட உதவியும் கிடையாது. தாங்களே வாதாடினார்கள். பின்னாளில் பிரதமரான கீர் ஸ்டார்மர் அப்போது இளம் வழக்கறிஞர். ஊதியம் வாங்காமல் இவர்களுக்கு ஆலோசனை சொன்னவர்களில் அவரும் ஒருவர். 313 நாள் நீதிமன்றம் கூடியது. ஆங்கில நீதிமன்ற வரலாற்றில் அவ்வளவு நீண்ட வழக்கு அதற்குமுன் நடந்ததில்லை. 1997 ஜூன் 19 அன்று வந்த தீர்ப்பு, துண்டறிக்கையில் சில குற்றச்சாட்டுகள் மெய்ப்பிக்கப்படவில்லை என்று 60,000 பவுண்டு இழப்பீடு விதித்தது. விளம்பரத்தால் குழந்தைகளைத் தன் லாபத்துக்குப் பயன்படுத்துவது, விலங்கு வதைக்குப் பொறுப்பாவது, கூலியைத் தாழ்த்த உதவுவது ஆகியவை உண்மை என்றும் அதே தீர்ப்பு சொன்னது. மேல்முறையீட்டில் தொகை 40,000 ஆனது. அதையும் நிறுவனம் வசூலிக்கவில்லை. 2005 பிப்ரவரியில் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம், சட்ட உதவி மறுத்ததால் இவ்விருவருக்கும் நியாயமான விசாரணை கிடைக்கவில்லை என்று தீர்ப்பளித்தது.

கதை இதோடு முடிந்திருந்தால் ஒரு பெருநிறுவனம் வீணாகப் பணம் செலவழித்த கதை என்று விட்டுவிடலாம். பல ஆண்டுகள் கழித்து இன்னொரு செய்தி வந்தது. அதே குழுவுக்குள், தனியார் உளவாளிகளுக்கு முன்பே, லண்டன் மாநகரப் போலீசின் ரகசியப் பிரிவு ஆட்களும் இருந்திருக்கிறார்கள். 'பாப் ராபின்சன்' என்ற பெயரில் உலவியவர் பாப் லாம்பெர்ட் என்ற போலீஸ் அதிகாரி. மெக்டொனால்ட்ஸ் தேடிய அந்தத் துண்டறிக்கையை எழுதியதில் அவருக்கும் பங்கு உண்டு என்பது 2013-இல் வெளியானது. எழுதியவரைத் தேடி ஒரு நிறுவனம் ஆள் அனுப்பியது. எழுதியவர்களில் ஒருவர் அரசுச் சம்பளம் வாங்கிய உளவாளி. அவருக்குப் பின் வந்த ஜான் டைன்ஸ், எட்டு வயதில் ரத்தப் புற்றுநோயால் இறந்த ஒரு சிறுவனின் பெயரை எடுத்துக்கொண்டு 'ஜான் பார்க்கர்' ஆனார். ஹெலன் ஸ்டீலைக் காதலிப்பதாகச் சொல்லி அவரோடு ஒரே வீட்டில் வாழ்ந்தார். வழக்கு தொடங்கியபோதும் அவர் அங்கேதான் இருந்தார். 1992-இல் ஒருநாள் காணாமல் போனார்.

வள்ளுவர் 'ஒற்றாடல்' என்று ஒரு அதிகாரமே வைத்திருக்கிறார். ஒரு ஒற்றனை மற்றொரு ஒற்றன் அறியாதபடி ஆள வேண்டும், மூவர் சொல் ஒத்துவந்தால் நம்பலாம் என்பது அவர் சொல்லும் முறை. தொழில்முறையாகப் பார்த்தால் மெக்டொனால்ட்ஸ் செய்ததும் இதுவே. ஆனால் அதே அதிகாரத்தில், யாரை ஆராய வேண்டும் என்பதற்கும் ஒரு வரிசை இருக்கிறது: அரசன் வேலையைச் செய்கிறவர்கள், அவனுடைய சுற்றத்தார், அவனுக்கு ஆகாதவர்கள். அதிகாரம் கையில் இருப்பவர்கள், அதற்கு நெருக்கமானவர்கள், அதைக் கவிழ்க்கக் கூடியவர்கள் என்று பொருள். தோட்டக்காரியும் தபால்காரரும் அந்த வரிசையில் இல்லை. எல்லாரிடத்தும் நடப்பதை அறிவது மன்னன் கடமை என்றும் அங்கே வருகிறதே என்று கேட்கலாம். குடிகளின் நிலையறிந்து ஆள்வதாகவே நான் அதை வாசிக்கிறேன். ஒற்றனை அனுப்ப வேண்டிய இடங்களை வள்ளுவர் தனியாகப் பெயர் சொல்லியிருக்கும்போது, மற்றவர் வீட்டுக்குள்ளும் அவனை அனுப்பச் சொன்னார் என்று கொள்ள இடமில்லை.

முறை சரியாக இருந்தும் ஏன் இப்படி வீணானது என்பதை நிதானமாகப் பார்க்க வேண்டும். பலரும் இதை அந்த உளவாளிகளின் திறமைக் குறைவு என்று நினைக்கிறார்கள். திறமையான ஆட்களை அனுப்பியிருந்தாலும் இதுவே நடந்திருக்கும். காரணம், யாருக்கும் திறந்திருந்த அந்தக் கதவு. உண்மையில் ரகசியம் வைத்திருப்பவர் புதிதாக வருகிறவரைச் சந்தேகிப்பார், சோதிப்பார், விலக்கிவிடுவார். மறைக்க ஏதுமில்லாதவர் வந்தவரை உட்காரவைத்துத் தேநீர் கொடுப்பார். ஆகவே உளவாளி எளிதில் நுழையும் இடமும், நெடுநாள் தங்க முடிகிற இடமும், கண்டுபிடிக்க ஒன்றுமே இல்லாத இடமாகவே இருக்கும்.

இதன் மறுபக்கத்தையும் அதே லண்டன் பார்த்திருக்கிறது. நம்மவர்களே அதில் இருந்தார்கள். ஹைகேட்டில் குரோம்வெல் அவென்யூ 65-ஆம் எண் வீட்டில் 1905-இல் ஷியாம்ஜி கிருஷ்ணவர்மா தொடங்கிய இந்தியா ஹவுஸ், மாணவர் விடுதி என்ற பெயரில் புரட்சியாளர் கூடமாக ஆனது. சாவர்க்கர் அங்கே இருந்தார். வரகனேரி வ.வே.சு. ஐயரும், பாரதியோடு 'இந்தியா' பத்திரிகையில் உழைத்த திருவல்லிக்கேணி எம்.பி.டி. ஆச்சார்யாவும் இருந்தார்கள். ஸ்காட்லாந்து யார்டு கீர்த்திகர் என்ற மாணவரை உளவு சொல்ல உள்ளே நுழைத்தது. அவர்கள் அவரைக் கண்டுபிடித்துவிட்டார்கள். விரட்டவில்லை, அவர் அனுப்பும் அறிக்கைகளைத் தாங்களே பார்த்துத் திருத்தி அனுப்பவைத்தார்கள். அது போதாதென்று ஆச்சார்யாவையே போலீசுக்குத் துப்புச் சொல்பவராக நடிக்கச் செய்து, கீர்த்திகரின் அறிக்கைக்கு ஒத்த சாட்சியாக ஆக்கினார்கள். வள்ளுவர் சொன்ன 'ஒத்துவரும் சொல்' இங்கே கண்காணிக்கப்பட்டவர்கள் கையாலேயே தயாரானது. 1909 ஜூலை 1 அன்று சவுத் கென்சிங்டனில் மதன்லால் திங்க்ரா, கர்சன் வைலியைச் சுட்டுக் கொன்றார். வைலி, இந்திய மாணவர்களைக் கவனித்துவந்த இந்தியா ஆபீஸ் அதிகாரி. இவ்வளவு கண்கள் பார்த்துக்கொண்டிருந்தும் அது தடுக்கப்படவில்லை. மறு ஆண்டு போலீஸ் வலையிலிருந்து நழுவிய ஐயர் மாறுவேடத்தில் புதுச்சேரி வந்து சேர்ந்தார்.

ரகசியம் இருந்த வீட்டில் உளவு சில மாதங்களில் பல்லிழந்தது. ரகசியமே இல்லாத அறையில் ஆண்டுக்கணக்காக வேரூன்றியது. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒழிய, சாதாரண மனிதரைக் கண்காணிப்பது ஏன் எப்போதும் பயனற்றுப் போகிறது என்பது புரியாது.

அடுத்த கேள்வி இயல்பாகவே வரும். ஒன்றும் இல்லை என்று தெரிந்தவுடன் ஏன் நிறுத்துவதில்லை? லாம்பெர்ட்டும் டைன்ஸும் இருந்த பிரிவு 1968-இல், வியட்நாம் போர் எதிர்ப்பு ஆர்ப்பாட்டம் கிராவ்னர் சதுக்கத்தில் கலவரமானதை அடுத்து உருவானது. அந்த ஆண்டு இலையுதிர் காலப் பேரணியோடு அதன் தேவை முடிந்திருக்க வேண்டும். 2008 வரை, நாற்பது ஆண்டு நீடித்தது. போலீசின் இவ்வகை ரகசியப் பணியை விசாரிக்க 2015-இல் அமைக்கப்பட்ட பொது விசாரணை ஆணையத்தின் கணக்குப்படி, ஆயிரத்துக்கும் மேற்பட்ட குழுக்கள் இப்படி வேவு பார்க்கப்பட்டிருக்கின்றன. ஆணையம் வெளியிட்ட பழைய அறிக்கைகளைப் படிக்கும்போது சிரிப்பும் வருத்தமும் சேர்ந்தே வருகின்றன. யாருக்குத் திருமணம், யாருக்குக் குழந்தை பிறந்தது, யார் வேலை மாறினார் என்பதெல்லாம் தட்டச்சு செய்யப்பட்டு, கையொப்பமிடப்பட்டு, கோப்பேறியிருக்கின்றன. 1970-களின் தொடக்கத்தில் ஒரு பெண்கள் குழுவுக்குள் சென்ற பெண் அதிகாரி, குழந்தைகளின் கிறிஸ்துமஸ் விருந்துக்கு உறுப்பினர்கள் வீட்டிலேயே மிட்டாயும் கேக்கும் செய்யப்போவதை அறிக்கையாக அனுப்பியிருக்கிறார். அந்த நேரத்தில் இதைவிடப் பயனுள்ள எத்தனையோ வேலை செய்திருக்கலாம் என்று பின்னாளில் ஆணையத்தின் முன் அவரே சொன்னார். அந்தச் சாட்சியத்தை நான் மதிக்கிறேன். அதே நேர்மை அவருடைய மேலதிகாரிகளிடம் இருந்திருந்தால் எத்தனையோ பேரின் வாழ்க்கை தப்பியிருக்கும்.

அலுவலகம் எப்படி இயங்குகிறது என்று தெரிந்தவர்களுக்கு இதில் வியப்பில்லை. 'ஒன்றும் இல்லை' என்று அறிக்கை எழுதும் உளவாளி, தனக்கு இனி வேலை இல்லை என்று தானே எழுதிக்கொள்கிறார். அவரை அனுப்பிய அதிகாரியும் அடுத்த ஆண்டு ஒதுக்கீட்டை இழப்பார். ஆகவே கேக் செய்தியும் அறிக்கை ஆகிறது. இன்னொரு காரணம் இதைவிட ஆழமானது. சந்தேகத்தோடு பார்க்கத் தொடங்கியவருக்கு, ஒன்றும் தென்படாததே இன்னும் நன்றாக மறைக்கிறார்கள் என்பதற்குச் சான்றாகிவிடும். 1942-இல் லண்டன் ஸ்பெஷல் பிராஞ்ச் அதிகாரி ஒருவர் எழுத்தாளர் ஜார்ஜ் ஆர்வெல்லைப் பற்றி எழுதிய குறிப்பில், அவர் அலுவலகத்திலும் ஓய்வு நேரத்திலும் ஒழுங்கற்ற கலைஞர் பாணியில் உடுத்துவது பதிவாகியிருக்கிறது. அவருக்குத் தீவிர கம்யூனிஸ்டுக் கருத்துகள் உண்டு என்றும் அதில் இருக்கிறது. கம்யூனிஸ்டு ஆட்சிகளை ஆர்வெல் எவ்வளவு கடுமையாக எதிர்த்தார் என்பது அவர் எழுத்தைப் படித்த எவருக்கும் தெரியும். படிப்பதை விட்டுவிட்டுச் சட்டையைப் பார்த்திருக்கிறார்கள்.

2023 ஜூனில் ஆணையத் தலைவர் சர் ஜான் மிட்டிங் தம் இடைக்கால அறிக்கையை வெளியிட்டார். 1968 முதல் 1982 வரையிலான காலத்தைப் பற்றியது அது. கிடைத்த பயன், கையாண்ட வழிமுறையை நியாயப்படுத்தவில்லை என்றார். இந்த வழிமுறைகள் அன்றே மக்களுக்குத் தெரிந்திருந்தால் அப்பிரிவு விரைவிலேயே மூடப்பட்டிருக்கும் என்பது அவர் முடிவு. ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர், அரசு அமைத்த ஆணையத்தின் பேரில் சொன்னது இது. போராட்டக்காரர்களின் புலம்பல் என்று யாரும் ஒதுக்கிவிட முடியாது.

இவர்களெல்லாம் ஏதோ ஒரு அரசியல் குழுவில் இருந்தவர்கள். நமக்கு இது வராது என்று நினைப்பவர்களுக்காக டார்செட் மாவட்டத்துப் பூல் நகரில் நடந்ததைச் சொல்ல வேண்டும். 2008-இல் ஒரு தாய் தன் மகளைப் பள்ளியில் சேர்க்க விண்ணப்பித்தார். அந்தக் குடும்பம் பள்ளியின் எல்லைக்குள் உண்மையிலேயே வசிக்கிறதா என்று உள்ளாட்சி மன்றத்துக்குச் சந்தேகம் வந்தது. பெரிய குற்றங்களை விசாரிப்பதற்கென்று நாட்டு மக்கள் எண்ணியிருந்த 2000-ஆம் ஆண்டுக் கண்காணிப்புச் சட்டத்தைக் கையில் எடுத்தார்கள். மூன்று வாரம் ஒரு ஊழியர் அவர்களைப் பின்தொடர்ந்தார். குழந்தைகளோடு காரில் ஏறியது, இறங்கியது, எத்தனை மணிக்கு எங்கே போனது எல்லாம் எழுதப்பட்டது. முடிவில் தெரியவந்தது, அவர்கள் சொன்ன முகவரியில்தான் வசிக்கிறார்கள் என்பது. கதவைத் தட்டிக் கேட்டிருந்தால் அன்றே தெரிந்திருக்கும். 2010 ஆகஸ்டில், புலனாய்வு அதிகாரங்களுக்கான தீர்ப்பாயம் இது சட்டவிரோதம் என்று சொன்னது. 2012-இல் சட்டம் திருத்தப்பட்டு, உள்ளாட்சி மன்றங்கள் இப்படிச் செய்ய மாஜிஸ்திரேட்டின் ஒப்புதல் பெற வேண்டும் என்று ஆனது.

மறைக்க ஒன்றுமில்லை என்றால் பயப்பட என்ன இருக்கிறது என்ற வாதம் இந்த இடத்தில் வரும். நல்ல எண்ணத்தோடு கேட்கப்படும் கேள்வி இது. ஏளனம் செய்யாமல் பதில் சொல்ல வேண்டும். அந்தத் தாயிடம் மறைக்க ஒன்றுமில்லை. ஆனாலும் தன் குழந்தைகளை ஒரு அந்நியர் மூன்று வாரம் பின்தொடர்ந்தார் என்ற நினைப்போடு அவர் வாழ வேண்டியிருந்தது. மறைக்க ஒன்றுமில்லாதவர் தப்பிக்கிறார் என்ற ஊகமே தவறு. பார்க்கப்பட்டவர்களில் மிகப் பெரும்பாலானவர்கள் மறைக்க ஒன்றுமில்லாதவர்களே.

எல்லாரையும் பார்த்தால் குற்றவாளியும் அதில் அகப்படுவானே என்பதற்கும் கணக்கு இருக்கிறது. லண்டனில் ஏறத்தாழ 90 லட்சம் பேர். இவர்களில் 90 பேர் உண்மையில் ஆபத்தானவர்கள் என்று ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். நூற்றுக்கு 99 முறை சரியாகச் சொல்லும் ஒரு கருவி நம்மிடம் இருப்பதாகவும் வைத்துக்கொள்வோம். அது 90 பேரில் 89 பேரைப் பிடித்துவிடும். கூடவே, மீதமுள்ளவர்களில் நூற்றுக்கு ஒருவரைத் தவறாகச் சுட்டிக்காட்டும். அது 90,000 பேர். கருவி காட்டிய ஆயிரம் பேரில் ஏறத்தாழ 999 பேர் நிரபராதிகள். அந்த 90,000 வீட்டு வாசலிலும் போய் நிற்கப் போலீஸ் எங்கே இருக்கிறது? தேட வேண்டியவன் மேல் இருக்க வேண்டிய கண் வேறு எங்கோ போயிருக்கும். வைக்கோலை இன்னும் இன்னும் கொண்டுவந்து குவிப்பதால் ஊசி கண்ணில் படாது.

ஆளை அனுப்பாமல் கருவியைக் கொண்டு பார்த்ததற்கும் பிரிட்டனில் எடுத்துக்காட்டு உண்டு. ஜி.சி.எச்.கியூ. எனும் அரசின் தகவல் உளவு அமைப்பு, 2008-இல் ஆறு மாதத்துக்குள் 18 லட்சத்துக்கும் மேற்பட்ட யாஹூ பயனர்களின் வெப்கேம் உரையாடல்களிலிருந்து ஐந்து நிமிடத்துக்கு ஒரு படம் வீதம் சேமித்ததை, அமெரிக்க உளவு அமைப்பின் ஒப்பந்த ஊழியராக இருந்த ஸ்னோடன் வெளியிட்ட ஆவணங்களைக் கொண்டு 2014 பிப்ரவரியில் கார்டியன் நாளிதழ் எழுதியது. கிடைத்தது என்ன? திரையைப் பார்த்துக்கொண்டிருக்கும் முகங்கள். அவற்றோடு, அன்புக்குரியவருக்கு மட்டும் என்று காட்டிய அந்தரங்கக் காட்சிகள். பார்க்க நேரும் ஊழியர்களை எச்சரித்துக் குறிப்பு எழுதும் அளவுக்கு அவை இருந்தன. எழுத ஆள் இல்லாமலே கேக் அறிக்கை இப்போது தானே எழுதப்படுகிறது. அளவு மட்டும் கூடியிருக்கிறது.

அரசு யாரையும் வேவு பார்க்கவே கூடாது என்பது என் வாதம் அன்று. குண்டு வைக்கத் திட்டமிடுகிறவரைப் பார்க்கத்தான் வேண்டும். அதற்குப் பெயர் குறிப்பிட்ட ஆள், சொல்லக்கூடிய காரணம், வெளியிலிருந்து ஒருவர் தரும் அனுமதி, முடிவு நாள் ஆகியவை வேண்டும். முடிவு நாளை நான் குறிப்பாக வற்புறுத்துகிறேன். ஒன்றும் கிடைக்கவில்லை என்றால் அந்த நாளில் கோப்பு மூடப்பட வேண்டும். 'இன்னும் கொஞ்சம் பார்ப்போம்' என்று நீட்ட விடக் கூடாது. அடுத்து, பார்க்கப்பட்டவருக்குப் பின்னால் அதைச் சொல்ல வேண்டும். ஜெர்மனியில் தபால், தொலைபேசிக் கண்காணிப்புச் சட்டத்திலேயே, கண்காணிப்பின் நோக்கம் கெடும் ஆபத்து நீங்கியபின் சம்பந்தப்பட்டவருக்கு அறிவிக்க வேண்டும் என்ற விதி இருக்கிறது. பிரிட்டனில் அப்படிப் பொதுவான கடமை இல்லை.

பூல் நகரத் தாய்க்கு விஷயம் தெரிந்தது, பள்ளி விண்ணப்பம் பற்றிப் பேச அழைத்த கூட்டத்தில் அதிகாரிகளே வாய்விட்டுச் சொன்னதால். ஹெலன் ஸ்டீலுக்கு யாரும் சொல்லவில்லை. காணாமல் போனவரைத் தேடி அவர் பிறப்பு இறப்புப் பதிவேடுகளைப் புரட்டினார். தான் நேசித்தவரின் பெயர் இறந்துபோன ஒரு சிறுவனுடையது என்று அங்கே கண்டார். அந்த மனிதர் போலீஸ்காரர் என்பதை உறுதிசெய்ய அவருக்கு மேலும் பல ஆண்டுகள் ஆயின. அவர் உள்ளிட்டு, இப்படி ஏமாற்றப்பட்ட ஏழு பெண்களிடம் லண்டன் மாநகரப் போலீஸ் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்டது 2015 நவம்பரில். ஜான் டைன்ஸ் வீட்டைவிட்டுப் போய் அப்போது 23 ஆண்டுகள் ஆகியிருந்தன.